கழுத்துவலிக்குக் கடைசி இலக்கம் வேண்டுமா?

சிட்லபாக்கம், குரோம்பேட்டை, தாம்பரம் வட்டாரத்தில் விலங்கியலோ பிசியோதெரபியோ படித்துவிட்டு, அமெரிக்க நோயாளிகளின் சார்ட்டைப் பார்த்து ஐசிடி-10 நோய்க் குறியீடு போடும் மெடிக்கல் கோடிங் வேலைக்கான வகுப்புக்குப் போகும் பிள்ளைகள் ஏராளம். அவர்கள் மனத்தில் முதலில் பதிகிற பாடம், குறியீடு எவ்வளவு நீளுமோ அவ்வளவு நல்லது என்பதே. எம்54.2 என்றால் வெறும் கழுத்துவலி. காரணம் எதையும் அது சொல்வதில்லை. அதைப் போடுகிறவர் சார்ட்டைச் சரியாகப் படிக்காதவர் என்றும், ஆறாவது இலக்கம்வரை போகிறவரே தேர்ந்த கோடர் என்றும் ஒரு மதிப்பீடு இந்தத் தொழிலில் ஊறிவிட்டது. இப்போது அதற்கு அற நியாயமும் சேர்ந்துகொண்டிருக்கிறது. நுணுக்கமான குறியீடுதான் நோயாளிக்குச் செய்யும் நீதி என்கிறார்கள். இது தவறு என்று நான் நெடுநாளாகச் சொல்லிவருகிறேன்.

நுணுக்கத்தால் பயனே இல்லை என்பதல்ல என் வாதம். கழுத்தெலும்புத் தேய்மானம் தண்டுவடத்தைப் பாதித்தால் எம்47.12, நரம்பு வேரைப் பாதித்தால் எம்47.22, இரண்டையும் தொடாமலிருந்தால் எம்47.812. முதல் வகை நோயாளிக்குச் சிகிச்சை தள்ளிப்போனால் நடையே தடுமாறலாம். இவர்களை ஒரே குறியீட்டில் அடைப்பது குற்றம். விபத்தில் சுளுக்கிய கழுத்துக்கு எஸ்13.4 தனியாக இருப்பதும் நியாயம். 2016 அக்டோபரில், கழுத்து டிஸ்க் கோளாறுகளுக்கான எம்50 வகையின் நடுக்கழுத்துக் குறியீடுகளை சி4–சி5, சி5–சி6, சி6–சி7 என்று பிரித்தார்கள். அறுவை மருத்துவருக்கும் ஆய்வாளருக்கும் அது உதவும். டிஸ்க் கோளாறால் வந்த வலிக்கு எம்54.2 போடக்கூடாது என்ற விலக்கு விதியும் சரியானதே.

ஆனால் டிஸ்க் கோளாறால்தான் வலி வந்தது என்று சொன்னது யார்? என் மறுப்பு முழுவதும் இந்தக் கேள்வியில் இருக்கிறது.

அமெரிக்க வழிகாட்டு நெறிகளின்படி, புறநோயாளி ஒருவருக்கு ஸ்கேன் எடுத்து மருத்துவர் அறிக்கையும் கொடுத்துவிட்டால், அந்த அறிக்கையில் உறுதியாகச் சொல்லப்பட்ட நோய்க்கே குறியீடு தரவேண்டும். அதோடு தொடர்புடைய அறிகுறிகளைத் தனியாகச் சேர்க்கக்கூடாது. ஒஹாயோவில் ஒரு பெண் கழுத்துவலி என்று எம்ஆர்ஐ எடுக்கப் போகிறார் என்று வைத்துக்கொள்வோம். அறிக்கையில் சி5–சி6 டிஸ்க் தேய்மானம் என்று ஒரு வரி வருகிறது. இங்கே இருக்கும் கோடர் எம்50.322 போடுகிறார். அந்தப் பெண் எதற்காக வந்தாரோ அந்த வலி பில்லிலிருந்து மறைந்துவிடுகிறது. வலிக்கும் தேய்மானத்துக்கும் தொடர்பு உண்டு என்று மருத்துவர் யாரும் எழுதவில்லை. எழுதாத அந்தத் தொடர்பை உண்டாக்கியது குறியீடு.

தேய்மானம் என்பது வலிக்குப் போதுமான விளக்கமா? 1990-இல் போடனும் உடன் ஆய்வாளர்களும் கழுத்தில் எந்தத் தொந்தரவும் இல்லாத 63 பேருக்கு எம்ஆர்ஐ எடுத்துப் பார்த்தார்கள். நாற்பது வயதைக் கடந்தவர்களில் ஏறக்குறைய 60 விழுக்காட்டினருக்கு ஏதோ ஓர் இடத்தில் டிஸ்க் தேய்ந்தோ குறுகியோ இருந்தது. ஜப்பானில் நகாஷிமா குழு நடத்தி 2015-இல் வெளியிட்ட ஆய்வு இன்னும் பெரியது. அதில் அறிகுறியே இல்லாத 1,211 பேரில் 87.6 விழுக்காட்டினருக்கு டிஸ்க் புடைப்பு தெரிந்தது. இருபதுகளில் இருந்தவர்களிலேயே பெரும்பாலோருக்கு இருந்தது. வலியே இல்லாதவர்களிடம் இவ்வளவு பரவலாகக் காணப்படும் ஒன்றை, வலி உள்ளவரிடம் கண்டதும் காரணமென்று பதிவு செய்வதைத் துல்லியம் என்று எப்படி ஏற்பது?

ஸ்கேன் சார்ட்டில் விதி அப்படி இருக்கிறது, கோடரைக் குறை சொல்ல முடியாது. ஆனால் அந்தப் பழக்கம் மருத்துவர் பார்த்த சார்ட்டுக்கும் தொற்றிக்கொள்கிறது. மருத்துவர் முடிவாகக் கழுத்துவலி என்றுதான் எழுதியிருப்பார். நான்கு பக்கம் முன்னால் ஒட்டியிருக்கும் பழைய எம்ஆர்ஐ அறிக்கையிலிருந்து டிஸ்க்கைத் தோண்டி எடுப்பது திறமையாகிவிடுகிறது. அதே வழிகாட்டு நெறிகள், அறிகுறிக் குறியீடும் பொதுக் குறியீடும் சில வேளைகளில் ஏற்கத்தக்கவை மட்டுமல்ல, தேவையானவையும்கூட என்கின்றன. சார்ட்டில் ஆதாரமில்லாத நுணுக்கக் குறியீட்டைத் தேர்வது முறையல்ல என்றும் தெளிவாகச் சொல்கின்றன. இந்தப் பத்தியை எத்தனை வகுப்புகளில் நிறுத்திப் படிக்கிறார்கள்?

ஆடிட்டும் இதைப் பிடிக்காது. 95 விழுக்காடு குவாலிட்டி என்றால், கோடர் போட்டதும் ஆடிட்டர் போட்டதும் அந்த அளவுக்கு ஒத்துப்போகின்றன என்று பொருள். இருவரும் படிப்பது ஒரே தாளை. நோயாளியின் கழுத்தைத் தொட்டுப் பார்த்தவர் அந்தக் கணக்கில் எங்கும் இல்லை. சந்தேகம் வந்தால் விளக்கம் கேட்டு மருத்துவருக்குக் கொரி அனுப்ப வழி உண்டு. ஆனால் ஒரு நாளைக்கு இத்தனை சார்ட் என்று டார்கெட் இருக்கும் இடத்தில், பதில் வரும்வரை ஒரு சார்ட்டை ஹோல்டில் வைக்க எந்தப் புதுக் கோடருக்குத் துணிச்சல் வரும்? பொதுக் குறியீட்டுக்குக் காப்பீட்டு நிறுவனம் பணம் தர மறுத்து டினையல் அனுப்பும் என்ற பயம் வேறு. பணம் வருகிறதா என்பதை வைத்து நோயின் பெயர் முடிவானால், அதைத் துல்லியம் என்று அழைக்க எனக்கு மனம் ஒப்பவில்லை.

இது எங்கோ அமெரிக்காவில் நடப்பது, நமக்கென்ன என்று விட்டுவிடவும் முடியாது. இரவு முழுக்கத் திரையின் முன் குனிந்திருக்கும் கோடருக்கே கழுத்து வலிக்கிறது. அவரும் மருத்துவமனைக்குப் போகிறார், அவருக்கும் ஸ்கேன் எடுக்கிறார்கள். இந்தியக் காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையத்தின் பொதுவான கிளெய்ம் படிவத்தில், மருத்துவமனை நிரப்பும் பகுதியில் ஐசிடி-10 குறியீட்டுக்குக் கட்டம் உண்டு. நாம் பயன்படுத்தும் உலகச் சுகாதார நிறுவனப் பதிப்பில் ஆறாவது இலக்கம் கிடையாது, ஆனால் எம்54.2-க்கும் எம்50-க்கும் உள்ள தூரம் அதிலும் அதேதான். பல பாலிசிகளில் டிஸ்க், முதுகெலும்பு நோய்களுக்கு இரண்டு ஆண்டுக் காத்திருப்பு இருக்கிறது. பாலிசி எடுப்பதற்கு முந்தைய 36 மாதங்களில் கண்டறியப்பட்டது முன்பே இருந்த நோயாகிவிடும்; 2024 விதிகளின்படி அதற்கான காத்திருப்பு 36 மாதம்வரை போகலாம். பத்து நாள் ஓய்விலும் பயிற்சியிலும் சரியாகியிருக்கக்கூடிய கழுத்துவலிக்கு யாரோ அவசரப்பட்டு டிஸ்க் நோய் என்று பெயரிட்டால், அடுத்த பாலிசிக்கு விண்ணப்பிக்கும்போது அந்தக் கோடர் அதை அறிவித்தாக வேண்டும்.

2021 அக்டோபரில் அமெரிக்கர்கள் இடுப்புவலிக் குறியீடான எம்54.5-ஐ மூன்றாகப் பிரித்தார்கள். கழுத்துவலியையும் அப்படிப் பிரித்தால் சிக்கல் தீரும் என்று சிலர் எதிர்பார்க்கிறார்கள். தீராது. மருத்துவருக்கே காரணம் தெரியாத வலி எப்போதும் இருக்கும். அதை அப்படியே பதிவு செய்யும் குறியீடும் வேண்டியிருக்கும். பயிற்சி வகுப்புகள் செய்ய வேண்டியது வேறு. மாணவர் எம்54.2 போட்டால் ஏன் மேலே போகவில்லை என்று இப்போது கேட்கிறார்கள். எம்50 போட்ட மாணவரிடம், வலிக்கு டிஸ்க்தான் காரணம் என்று மருத்துவர் எழுதிய வரியைக் காட்டச் சொல்ல வேண்டும். அந்த வரி இல்லையென்றால் மதிப்பெண்ணும் இல்லை.