வீடும் பள்ளிவாசலும்: கல்முனைக் கரையோர முஸ்லிம்களின் சமூக வரலாற்றெழுத்து பற்றிய ஒரு நோக்கு

ஒரு சமயச் சமூகத்தின் வரலாற்றை எழுதப் புகுவோர் முன் இரண்டு வினாக்கள் நிற்கின்றன. அச்சமூகத்தினர் எங்கிருந்து வந்தனர் என்பது ஒன்று. வந்த இடத்தில் எவ்வாறு வாழ்ந்தனர் என்பது மற்றையது. முதல் வினாவுக்கு அரசியற் பயன் உண்டு. ஆதலால் அதற்கு விடையிறுப்போர்க்கு என்றும் பஞ்சமில்லை. இரண்டாவது வினாவோ அடுப்படி, வளவு, சீதனம், சோறு என அன்றாட வாழ்வின் சிறு செய்திகளினூடே செல்லவேண்டியது. பெருமை தேடும் வரலாற்றாசிரியர்க்கு அது உவப்பானதன்று. மருதமுனை, கல்முனைக்குடி, சாய்ந்தமருது, நிந்தவூர், அக்கரைப்பற்று எனப் பொத்துவில் வரை நீளும் கரையோர முஸ்லிம் ஊர்கள் பற்றி எழுதப்பட்டவற்றை ஒருசேர நோக்குமிடத்து, முதல் வினாவே ஒரு நூற்றாண்டுக்கு மேலாகத் திரும்பத் திரும்பக் கேட்கப்பட்டு வந்துள்ளமை புலனாகும். இதனால் நேர்ந்த குறை யாது என்பதை அறிய, தொலைவிலுள்ள ஒரு துறையில் இவ்விரு வினாக்களும் எவ்வாறு இடம் மாறின என்பதை முதலிற் காண்பது பயனுடைத்து. உரோம ஆட்சியின்கீழ் வாழ்ந்த ஆதிக் கிறிஸ்தவர் பற்றிய ஆய்வே அத்துறையாகும்.

நான்காம் நூற்றாண்டின் தொடக்கத்தில் திருச்சபை வரலாற்றை எழுதிய யுசேபியஸ், ஆயர்களின் வழிமுறைப் பட்டியலையே தம் நூலின் முதுகெலும்பாகக் கொண்டார். யாருக்குப் பின் யார் என்பதே அவருக்கு வரலாறு. 1776இல் தம் பெருநூலின் முதற் தொகுதியை வெளியிட்ட கிப்பன் கிறிஸ்தவம் பரவியமைக்கான காரணங்களை ஐயுறவோடு ஆராய்ந்தாராயினும், அவரது கண்ணும் பேரரசு, திருச்சபை என்னும் இரு பெரு நிறுவனங்களின் மேலேயே இருந்தது. ஆதிக் கிறிஸ்தவர் எத்தகைய வீட்டில் கூடினர், யாருடைய செலவில் உண்டனர், அடிமையும் ஆண்டானும் ஒரே பந்தியில் அமர்ந்தனரா என்பன போன்ற வினாக்கள் பிற்காலத்திலேயே முதன்மை பெற்றன. 1983இல் வெளிவந்த வேயின் மீக்ஸ் என்பாரின் நூல் பவுலின் காலத்து நகர்ப்புறக் கிறிஸ்தவரை இந்நோக்கில் ஆராய்ந்து அம்மாற்றத்துக்கு உறுதியான வடிவம் தந்தது.

வினா மாறியதும் பழைய சான்றுகளே புதிதாகப் பேசின. பவுலின் நிருபங்களில் வாழ்த்துக் கூறும் பகுதிகள் முன்னர் விரைந்து தாண்டிச் செல்லப்பட்டவை. அவற்றில் பிரிஸ்கா என்பவள் தன் கணவன் அக்கிலாவோடு சபை கூடுவதற்கு வீடு தந்தவளாகவும், நிம்பா என்பவள் தன் வீட்டிலேயே ஒரு சபையைக் கொண்டிருந்தவளாகவும் வெளிப்பட்டனர். பிலிப்பி நகரில் இரத்தாம்பரம் விற்ற லீதியாள் தன் வீட்டாரோடு சமயம் ஏற்றதாக அப்போஸ்தலர் நடபடிகள் கூறுகின்றது. கொரிந்து நகரத்துப் பொது விருந்தில் உடையவர் முன்னரே உண்டுவிட இல்லாதவர் பசித்திருந்தனர் என்று பவுல் கடிந்துரைப்பது, இறையியற் செய்தியாக மட்டுமன்றி வர்க்கச் செய்தியாகவும் வாசிக்கப்படலாயிற்று. ஏறத்தாழ 112ஆம் ஆண்டளவில் பித்தினியா மாகாண ஆளுநன் பிளினி பேரரசன் திராஜனுக்கு எழுதிய கடிதம் இவ்வகையில் மிக அருமையானது. குறித்த நாளில் விடியுமுன் கூடிப் பாடுவதும், பின்னர் மீண்டும் கூடி எளிய உணவு உண்பதுமே அவர்களின் குற்றம். சங்கங்கள் கூடுவதைத் தடைசெய்த ஆணைக்குப் பின்னர் உணவுக் கூட்டத்தை அவர்கள் நிறுத்திக்கொண்டனராம். உண்மையை அறியப் பிளினி வதைத்து விசாரித்தது இரண்டு அடிமைப் பெண்களையே. அவர்கள் சபையில் பணிப்பொறுப்பு உடையோராக இருந்தவர்கள். பேரரசின் ஆளுநன் ஒருவன் புதிய சமயத்தைத் தேடிச் சென்று கண்டது கோயிலையன்று. ஒரு கூட்டத்தையும் ஒரு சாப்பாட்டையும் இரண்டு பெண்களையுமே. யூப்பிரத்தீஸ் ஆற்றங்கரையிலுள்ள டூரா யூரோப்பொஸ் நகரில் 1930களின் தொடக்கத்தில் அகழ்ந்தெடுக்கப்பட்ட மூன்றாம் நூற்றாண்டுச் சபைக்கட்டடமும் ஒரு சாதாரண வீடே. இரண்டு அறைகளுக்கு இடைப்பட்ட சுவரை நீக்கிக் கூடமாக்கியிருந்தனர்.

இவ்வொப்பீட்டுக்கு எல்லை உண்டு என்பதையும் உடன் கூறல் வேண்டும். ஆதிக் கிறிஸ்தவம் அரசின் ஐயத்துக்குள்ளான புதுச் சமயம். கிழக்கிலங்கைக்கு வந்த இஸ்லாமோ சட்டமும் நூல்களும் பல நாட்டு அனுபவமும் கொண்ட முதிர்ந்த சமயம். மேலும் இங்கு அவர்களை ஒடுக்கியது போர்த்துக்கேயரே. கண்டி அரசு அன்று. 1626இல் போர்த்துக்கேயர் தம் ஆட்சிப்பகுதியிலிருந்து முஸ்லிம்களை வெளியேற்றியபோது, கண்டி மன்னன் செனரத் அவர்களை ஏற்று 4,000 பேரை மட்டக்களப்புப் பகுதியில் குடியமர்த்தினான் எனப் போர்த்துக்கேயப் பாதிரியாரான குவேறோஸ் எழுதியுள்ளார். இவ்வெண்ணிக்கையையும் ஆண்டையும் எடுத்தாளாத முஸ்லிம் வரலாற்று நூல் அரிது. ஆனால் அந்த 4,000 பேர் வந்தபின் என்ன செய்தனர் என்ற அடுத்த வினா அந்நூல்களிற் பெரும்பாலும் எழுவதில்லை. அரசனின் கருணையோடு அதிகாரம் முடிந்துவிடுகின்றது.

அவர்கள் வேளாண்மை செய்தனர், மணஞ்செய்தனர், பக்கத்து ஊர்த் தமிழரிடையே வழங்கிய குடிமுறைக்குள் வாழ்ந்தனர். ஊர்ப்பெயர்களின் ஈற்றில் வரும் குடி வேறு, இக்குடி வேறு. இது தாய்வழியே தொடரும் வமிசம். பிள்ளை தாயின் குடியைச் சேரும். தந்தையின் குடி அதற்கு உறவுக்குடியே. ஒரே குடிக்குள் மணம் கொள்ளாதிருத்தல் பழைய வழக்கு. இன்று அது பெரிதும் நெகிழ்ந்துவிட்டது. இந்துக் கோயில்களில் குடிக்கொரு வண்ணக்கர் இருப்பது போலப் பள்ளிவாசலில் குடிக்கொரு மரைக்காயர் இருந்தார். 1956ஆம் ஆண்டின் வக்புச் சட்டம் நம்பிக்கையாளர் சபைகளைப் பதிவுக்குட்படுத்திய பின்னரும் மரைக்காயர் என்னும் நிலை பல ஊர்களில் மறையவில்லை. ஆண்களே கூடும் பள்ளிவாசல் நிருவாகத்தில் ஒருவர் இருக்கை பெறுவது தம் தாயின் குடியினால் என்பது கவனிக்கத்தக்கது. மகளுக்கு மணமாகும்போது வீடும் வளவும் அவளுக்குச் சீதனமாகின்றன. மருமகன் அவ்வீட்டுக்கு வருகின்றான். பெற்றோர் அதே வளவிலோ அருகிலோ வேறொரு சிறு வீட்டுக்கு ஒதுங்குகின்றனர். அடுத்த மகளுக்கு அடுத்த வீடு. இவ்வாறு ஒரு தெருவே தாயும் மகள்மாரும் சகோதரிகளுமாக நிறைந்துவிடுகின்றது.

இத்தகைய சமூகத்தைப் பற்றி எழுந்த பெருவிவாதம் தந்தையரைப் பற்றியதாக அமைந்தமை ஒரு விசித்திரமே. 1888இல் பொன்னம்பலம் இராமநாதன் இலங்கைச் சோனகரின் இனவியல் பற்றி றோயல் ஆசியக் கழகத்தின் இலங்கைக் கிளையில் கட்டுரை படித்தார். சோனகர் இனத்தால் தமிழரே என்பது அவர் துணிபு. சட்டசபையில் முஸ்லிம்களுக்குத் தனிப் பிரதிநிதித்துவம் பேசப்பட்ட காலம் அது. 1889இல் அந்நியமனமும் நிகழ்ந்தது. ஐ. எல். எம். அப்துல் அஸீஸ் 1907இல் வெளியிட்ட மறுப்புநூல் அறபு மூதாதையரை முன்னிறுத்தி இராமநாதனின் ஒவ்வொரு சான்றையும் எதிர்த்தது. இருவரும் கல்விமான்கள், இருவருக்கும் அரசியல் நோக்கம் இருந்தது. இருவரும் கேட்ட வினா ஒன்றே: முதல் ஆண் யார்? அறபு வணிகர் இந்நாட்டுப் பெண்களை மணந்தனர் என்னும் வாக்கியத்தில் வணிகருக்கு நாடு உண்டு, குலம் உண்டு. பெண்களுக்கு ஒன்றும் இல்லை. ஆனால் கல்முனைக் கரையில் பெயர் தந்தவளும் வீடு தந்தவளும் அப்பெண்ணே. சில குடிப்பெயர்களில் ‘நாச்சி’ என்னும் சொல் நிலைத்திருப்பதையேனும் அவ்விவாதத்தைத் தொடர்ந்து நடத்தியோர் எண்ணிப் பார்த்திருக்கலாம்.

ஊர்மக்களின் ஐதிகம் கற்றோரினும் சற்று நேர்மையாக நடந்துகொண்டது. திமிலரோடு பொருத முக்குவருக்குப் பட்டாணியர் துணைநின்றனர் என்றும், கைம்மாறாக முக்குவப் பெண்களை மணந்து குடியேறினர் என்றும் தமிழரும் முஸ்லிம்களும் கூறும் கதை அதுவாகும். அதனை வரலாறென ஏற்கத் தேவையில்லை. எனினும் தாய்மார் எங்கிருந்து வந்தனர் என்பதை விளக்கவேண்டும் என்ற உணர்வு அக்கதைக்கு இருந்தது.

வாழ்ந்த முறையை முதன்மையாகக் கொண்ட ஆய்வு வெளிநாட்டு மானிடவியலாளரிடமிருந்தே வந்தது. நூர் யல்மன் 1967இல் வெளியிட்ட நூலில் கிழக்குக் கரையோரத்தையும் கருத்திற்கொண்டார். அக்கரைப்பற்றில் நெடுங்காலம் கள ஆய்வு செய்த டெனிஸ் மக்கில்வ்றே 2008இல் வெளியிட்ட பெருநூல் தமிழரதும் முஸ்லிம்களதும் குடிமுறையை அருகருகே வைத்து ஆராய்ந்தது. ஓர் ஊரை மையமாகக் கொண்ட அந்நூலின் முடிபுகளை மருதமுனைக்கும் பொத்துவிலுக்கும் அப்படியே ஏற்றுவது தகாது. ஆயினும் சீதன வீட்டைச் சமூகத்தின் நடுவில் வைத்து நோக்கிய பெருமை அதற்குண்டு. கல்முனைக்குடியிற் பிறந்த எம். ஏ. நுஃமான், இலங்கை முஸ்லிம்களின் இன அடையாளம் அரசியற் சூழலில் கட்டமைக்கப்பட்டவாற்றை விளக்கி, வமிச விவாதத்தின் ஆட்டத்தை வெளியே நின்று காட்டினார்.

இவற்றுக்குப் பின்னரும் ஊர்மட்டத்து நூல்களிலும் மேடைகளிலும் தாய்வழி வழக்குகள் இருவிதமாகவே பேசப்படுகின்றன. ஒரு சாரார் அவற்றை இந்துப் பழக்கத்தின் எச்சம் என்பர். மற்றொரு சாரார் இஸ்லாத்துக்குப் புறம்பானவை எனக் களையச் சொல்வர். இரு கூற்றுக்கும் அடிப்படை ஒன்றே. சமயம் தூயதாக வந்து பின்னர் சமூகத்தால் கலப்புற்றது என்னும் எண்ணம். ஆதிக் கிறிஸ்தவர் பற்றிய ஆய்வு இவ்வெண்ணத்தைத் தகர்த்து நெடுநாளாயிற்று. வீட்டுக்கு வெளியே முதலில் தூயதாய் இருந்து பின்னர் வீட்டுக்குள் புகுந்த கிறிஸ்தவம் என ஒன்றை எவரும் காட்டவில்லை. கடற்கரைப் பள்ளிவாசலில் நாகூர் சாஹுல் ஹமீது வலியுல்லாஹ்வின் பெயரால் நிகழும் கொடியேற்றத்தையும் கந்தூரிச் சோற்றையும் கண்டிப்போர் மார்க்க நியாயத்தைப் பேசட்டும். அது அவர் உரிமை. ஆனால் அச்சோறு எந்தக் குடிகளை, எந்த வீடுகளை ஒன்றுசேர்த்தது என்று எழுதுவது வரலாற்றாசிரியன் கடமை.

சீதன வீட்டின் சட்டநிலையை நோக்கினால் ‘எச்சம்’ என்னும் வாதம் மேலும் தளர்கின்றது. 1931ஆம் ஆண்டின் முஸ்லிம் மரபுரிமைக் கட்டளைச் சட்டம் இறந்தவர் சார்ந்த மத்ஹபின்படி சொத்துப் பங்கிடப்பட வேண்டும் என்றது. ஷாபிஈ விதிப்படி மகளின் பங்கு மகனின் பங்கிற் பாதி. ஆனால் கரையோரத் தாய் தகப்பன் வீட்டை மகளுக்கு உயிரோடிருக்கும்போதே எழுதிவிடுகின்றனர். வாழ்நாளில் வழங்கும் கொடை மரபுரிமைப் பங்கீட்டுக்குள் வருவதில்லை. கொடையை மார்க்கம் தடுக்கவுமில்லை. இஸ்லாமியச் சட்டத்தை அறிந்து அதற்குள்ளேயே தம் வழக்குக்கு இடங்கண்ட மக்களின் மதிநுட்பம் இது. இதனை அறியாமையின் எச்சம் என எவ்வாறு கூறலாம்? அதேவேளை இதனைப் பெண்விடுதலை எனப் போற்றுவதும் மிகையாகும். வீடு கட்ட வழியற்ற பெற்றோரின் மகள்மார் மணமின்றிக் காத்திருப்பதும், அவ்வீட்டுக்காகவே மத்திய கிழக்குக்குப் போய் உழைப்போர் தொகையும் இம்முறையின் மறுபக்கம். வீட்டோடு கைக்கூலியும் கேட்கப்படுவதை மறைக்க முடியாது.

வீடு வரலாற்றெழுத்தில் இடம்பெறாமையின் விளைவு 2004 டிசெம்பர் 26இல் வந்த ஆழிப்பேரலைக்குப் பின் வெளிப்பட்டது. நாட்டிலேயே மிகக் கூடிய உயிரிழப்பு அம்பாறை மாவட்டத்தில். 10,000க்கு மேற்பட்டோர் மாண்டனர். கல்முனைக்குடி, சாய்ந்தமருது, மருதமுனை ஆகிய ஊர்களின் கடலோர வளவுகள் அழிந்தன. கரையோரத் தடைவலயம் காரணமாகப் பலர் உள்நோக்கி அரச காணிகளுக்குப் பெயர்க்கப்பட்டனர். அழிந்த வீடு மனைவியின் சீதனம். புதிய வீட்டின் பத்திரத்தில் ‘குடும்பத் தலைவர்’ என்ற இடத்தில் பெரும்பாலும் கணவன் பெயர். இதனைப் பெண்கள் அமைப்புகள் அப்போதே சுட்டிக்காட்டின. ‘குடும்பத் தலைவர்’ என்பது அலுவலகத்துச் சொல். அக்கரையோரத்து வீடுகள் அச்சொல்லுக்காகக் கட்டப்பட்டவையல்ல. அரச காணி வழங்கலை ஆண்டுவந்த 1935ஆம் ஆண்டுக் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டமும் வாரிசு வரிசையில் ஆணையே முற்படுத்தியிருந்தது. 2022இலேயே அது திருத்தப்பட்டது. முஸ்லிம்களின் வரலாறு என்று அலுவலர் கையில் கிடைக்கக்கூடியதாக இருந்த நூல்களோ அறபு வணிகரையும் செனரத் மன்னனையும் பற்றியவை. வீடு யாருடையது என்பதை அவற்றில் தேடியிருந்தாலும் கண்டிருக்க முடியாது.

இவ்வரலாற்றை எழுதுவதற்குச் சான்றுகள் இல்லை என்பது பொருந்தாது. நொத்தாரிசு எழுதிய சீதன உறுதிகள் உள. 1951ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டம் கைக்கூலி என்னும் தமிழ்ச் சொல்லையே சட்டச் சொல்லாக ஏற்று, அதனைத் திருப்பிப் பெற மனைவிக்கு வழி செய்துள்ளது. ஆகவே காதி நீதிமன்றப் பதிவுகளில் எத்தனையோ வீடுகளின் கதை கிடக்கின்றது. பள்ளிவாசல்களில் மரைக்காயர் பெயர்களும் குடிவரிசைகளும் எழுதப்பட்ட பழைய கொப்பிகள் இருக்கக்கூடும். இவை ஈரத்திலும் கறையானிலும் கெடுபவை. பிரிஸ்காவின் வீட்டைப் பற்றிய செய்தி ஒரு கடிதத்தின் கடைசி வரிகளில் ஒட்டிக்கொண்டு தப்பியது. கரையோர வீடுகளிற் பெட்டகத்தில் இருந்த உறுதிகளுட் பல அந்த டிசெம்பர்க் காலையிலேயே கடலோடு போயின. எஞ்சியவற்றைப் பிரதிசெய்யும் வேலை ஊர் ஊராகத் தொடங்கப்பட வேண்டியுள்ளது.