மாத்தளைத் தோட்டங்களும் கொக்கிப்புழுவும்: இரு நூல்கள் பற்றிய நோக்கு

மனித நோய்களையும் அவற்றுக்கெதிரான போராட்டத்தையும் பற்றி எழுந்த நூல்களிற் பெரும்பாலானவை வீரகாவியத்தின் அமைப்பையே தழுவி நிற்கின்றன. பகைவன் கண்ணுக்குப் புலனாகாத உயிரி, தலைவன் மருத்துவன், களம் ஏதோவொரு வெப்பநாடு. அக்களத்தில் நோயுற்றுக் கிடந்தோர் யாவர் என்னும் வினாவுக்கு இந்நூல்களில் இடம் மிகக் குறைவு. இக்குறையின் ஆழத்தை உணர்த்த மாத்தளை மாவட்டமே போதுமான சான்றாகும்.

ரொக்பெல்லர் நிறுவனத்தின் கொக்கிப்புழு ஒழிப்பியக்கம் இலங்கையில் 1916 ஆம் ஆண்டு மாத்தளைப் பகுதித் தோட்டங்களிலேயே தொடங்கப்பெற்றது. அக்காலத்தில் அந்நிறுவனத்தின் கீழைநாட்டுப் பணிகளுக்குப் பொறுப்பாயிருந்தவர் டொக்டர் விக்டர் ஹைசர். 'ஓர் அமெரிக்க மருத்துவரின் நெடும்பயணம்' எனப் பொருள்படும் தலைப்பில் அவர் 1936 இல் வெளியிட்ட தன்வரலாறு, நாற்பத்தைந்து நாடுகளில் அவர் பெற்ற அனுபவங்களைக் கூறுவது. பிலிப்பைன்சின் கூலியன் தீவில் தொழுநோயாளர் குடியேற்றத்தை அமைத்த வரலாறு போன்ற பகுதிகளைச் சுவைபடக் கூறவல்லவர் ஹைசர் என்பதில் ஐயமில்லை. ஆயினும் அவர் ஒரு நாட்டிலிருந்து மற்றொரு நாட்டுக்கு விரையும் வேகத்தில், நோயாளி பெரும்பாலும் வழியிற் கண்ட காட்சியாகவே நின்றுவிடுகிறான்.

பேராசிரியர் சோம ஹேவா எழுதி 1995 இல் வெளிவந்த ஆங்கில ஆய்வுநூல் இதற்கு நேர்மாறானது. குடியேற்ற ஆட்சி, வெப்பநாட்டு நோய், ரொக்பெல்லர் கொடை ஆகிய மூன்றையும் இணைத்து ஆராயும் இந்நூல், மருத்துவத்தின் வெற்றிகளை எண்ணுவதோடு அமையாது, அவ்வெற்றி யாருக்காக என்றும் கேட்கிறது. கொக்கிப்புழுவின் நுண்ணிய இளம்புழு ஈரமண்ணில் வாழ்ந்து, வெறுங்காலின் தோலைத் துளைத்து உடலினுட் புகும். குருதிவழி நுரையீரலை அடைந்து, தொண்டையேறி, விழுங்கப்பட்டுக் குடலிற் பற்றிக் குருதியை உறிஞ்சும். அதன் முட்டைகள் மலத்துடன் மீண்டும் மண்ணைச் சேரும். எனவே மருந்து மட்டும் தீர்வாகாது. லயங்களுக்கு மலசலகூடம் வேண்டும். மருந்தூட்டலை வரவேற்ற துரைமார் மலசலகூடச் செலவென்றதும் தயங்கினர். நோய் நீங்கிய தொழிலாளி அதே மண்ணில் மீண்டும் வெறுங்காலுடன் இறங்கினான். இம்முரண்பாட்டை வெளிக்கொணர்ந்தமையே ஹேவா நூலின் தலையாய சிறப்பாகும். தோட்ட எல்லைக்குள் நின்ற முயற்சி, 1926 இல் களுத்துறையில் நிறுவப்பட்ட சுகாதாரப் பிரிவு போன்ற பொதுச் சுகாதாரப் பணியாக மாறியதையும் அவர் நடுநிலையோடு காட்டுகிறார்.

எனினும் ஒரு குறை எஞ்சுகிறது. நூலின் சான்றுகள் பெரிதும் கடிதங்களும் அறிக்கைகளுமே. ஆசிரியரை இதற்காகக் கடிந்துகொள்வது நீதியன்று. ஆவணக் காப்பகத்தில் தோட்டத் தொழிலாளியின் கடிதத்தை எங்ஙனம் தேடுவது? ஆனால் அறிக்கைகளைப் படிக்கும் முறையொன்று உண்டு. மருந்தை மறுத்தலை 'அறியாமை' என்று எழுதிவிடுதல் எளிது. அன்று கொடுக்கப்பட்ட கீனப்போடிய எண்ணெயோ அளவு மிஞ்சின் நஞ்சாவது. குமட்டலும் தலைச்சுற்றலும் தருவது. அதனோடு பேதிமருந்தும் குடித்தாக வேண்டும். நாட்சம்பளத்தை நம்பிய ஒருத்தி அதற்கு அஞ்சியது அறியாமையா, அனுபவ அறிவா?

இவ்விடத்தில் புதுமைப்பித்தனின் 'துன்பக் கேணி' நினைவுக்கு வருதல் இயல்பே. இலங்கைத் தோட்டத்தைக் களமாகக் கொண்டு 1930களில் எழுதப்பட்ட அக்கதையில் நோயை வென்ற மருத்துவர் எவருமில்லை; நோய் மருதியின் வாழ்விலிருந்து பிரிக்கவியலாததாய் நிற்கிறது. கதை வரலாற்றுச் சான்றாகாது என்பர். உண்மைதான். ஆயினும் ஹேவாவின் அட்டவணைகளைப் படித்து முடித்தவர் மருதியின் கதையையும் எடுத்துப் படித்தால், அவ்வெண்களுக்குள் எத்தனை பெண்கள் இருந்தனர் என்று கேட்கத் தொடங்குவர்.