சிறுவர் தொலைக்காட்சியில் களவடிவமைப்பும் இயக்கமும்: போஸ்ட்கேட் – ஃபர்மின் படைப்புகளை முன்வைத்து

சிறுவர் தொலைக்காட்சிப் படைப்புகளை மதிப்பிடுவோர் பெரும்பாலும் கதையையும் அது புகட்டும் நீதியையுமே கருத்தில் கொள்வர். கதை நிகழும் களமும் அதிலுள்ள பொருள்களும் நிறங்களும் வெறும் ஒப்பனையாகக் கருதப்படுகின்றன. இங்கிலாந்தின் ஆலிவர் போஸ்ட்கேட் (1925–2008), பீட்டர் ஃபர்மின் (1928–2018) ஆகிய இருவரின் படைப்புகள் இக்கருத்து பொருந்தாது என்பதைக் காட்டுகின்றன.

இருவர் பணி

1959இல் ஸ்மால்ஃபில்ம்ஸ் என்னும் சிறு நிறுவனத்தை இவர்கள் தொடங்கினர். கேன்டர்பரியை அடுத்த பிளீனில், ஃபர்மினின் பண்ணையிலிருந்த பழைய மாட்டுத்தொழுவமே இவர்களின் படப்பிடிப்புக் கூடமாயிற்று. போஸ்ட்கேட் எழுதி, இயக்கி, கதைசொல்லியாகக் குரலும் தந்தார். ஓவியரான ஃபர்மின் பாவைகளையும் களங்களையும் ஆக்கினார். பாவைகளைச் சிறிது சிறிதாக நகர்த்திச் சட்டம் சட்டமாகப் படமெடுத்தனர். பொருளும் ஆளும் குறைந்த இச்சூழலில், களத்தை வடிவமைப்பதும் கதையை நடத்துவதும் ஒரே செயலின் இரு பகுதிகளாயின.

நிறமும் பொழுதும்

1974இல் பி.பி.சி. ஒளிபரப்பிய ‘பாக்பஸ்’ 13 பகுதிகளே கொண்டது. எமிலி என்னும் சிறுமியின் கடையில் எதுவும் விற்கப்படுவதில்லை. தொலைந்த பொருள்களும் உடைந்த பொருள்களும் செப்பம் செய்யப்பட்டு, உரியவர் கண்டு எடுத்துச் செல்லும்பொருட்டுச் சாளரத்தில் வைக்கப்படுகின்றன. தொடக்கத்தில் பழம்புகைப்படம் போன்ற பழுப்பு நிறத்தில் தோன்றும் காட்சி, பாக்பஸ் என்னும் துணிப்பூனை விழித்தவுடன் வண்ணம் பெறுகிறது. அது உறங்கியவுடன் மீண்டும் பழுப்பாகிறது.

இடத்தையும் காலத்தையும் முதற்பொருளாகக் கொண்ட தொல்காப்பிய மரபில் பயின்றோர்க்கு இவ்வமைப்பின் நுட்பம் எளிதிற் புலனாகும். கடை நிலமாகவும், விழிப்பும் உறக்கமும் பொழுதாகவும், பழுதுற்ற பொருள்கள் கருப்பொருளாகவும் நின்று, காத்திருத்தல் என்னும் உணர்வைத் தோற்றுவிக்கின்றன. இதற்குத் திணைப்பெயர் சூட்டுதல் பொருந்தாது. ஆயினும் களம் உணர்வின் பின்னணியன்று, அதன் பிறப்பிடம் என்னும் கருத்து இங்கும் செல்லுபடியாகிறது.

சொல்லற்ற மொழி

‘கிளாங்கர்ஸ்’ முதன்முதலில் ஒளிபரப்பானது 1969 நவம்பரில். மனிதன் நிலவில் காலடி வைத்து நான்கு திங்களே ஆகியிருந்தன. ஆனால் இப்படைப்பு விண்வெளியை வெற்றிகொள்ளும் களமாகக் காட்டவில்லை. ஒரு குடும்பம் வாழும் சிறு கோளாகக் காட்டியது. அங்கு வாழும் கம்பளிப் பாவைகள் சீழ்க்கை ஒலியால் பேசுகின்றன. அவ்வொலிக்குரிய உரையாடலைப் போஸ்ட்கேட் முதலில் ஆங்கிலத்தில் எழுதினார். பின்னர் அதன் ஏற்ற இறக்கத்தை ஊதுகுழலில் இசைக்கச் செய்தார். பாவைகளின் முகபாவம் மிகக் குறைவு. எனவே உடலசைவும் ஒலியுமே மெய்ப்பாட்டைச் சுமக்கின்றன. குழந்தை பொருளைக் கேட்டறிவதில்லை, உய்த்துணர்கிறது.

குறைகள்

இப்படைப்புகளை முற்றும் போற்றுவதற்கில்லை. போஸ்ட்கேட்டின் கனிந்த குரல் பல இடங்களில் சீழ்க்கையின் பொருளை விளக்கிவிடுவதால், குழந்தையின் உய்த்துணர்வுக்கு எல்லை வகுக்கப்படுகிறது. ‘பாக்பஸ்’ கடையின் பழுப்பு நிறம் கடந்துபோன இங்கிலாந்தை வினாவின்றி இனியதாக்குகிறது என்று கூறவும் இடமுண்டு.

படைப்பாளர் யார் என்னும் வினாவும் எழுகிறது. கிளாங்கர்ஸ் பாவைகளின் கம்பளி உடலைப் பின்னியவர் ஃபர்மினின் மனைவி ஜோன் ஃபர்மின். அவர் தேர்ந்த இழையும் பின்னலும் இன்றி அப்பாவைகளின் மென்மை இல்லை. மென்மையின்றி அக்கோளின் அன்புலகும் இல்லை. எனினும் புகழுரைகளில் முதலிடம் பெறுவது கதைசொல்லியின் குரலே.

முடிவாக, சிறுவர் படைப்பில் கைவினையைத் துணைத்தொழிலாகவும் இயக்கத்தைத் தலைமைத்தொழிலாகவும் பகுத்தல் பிழையாகும். குழந்தை முதலில் காண்பது பொருளை. கதை அப்பொருளிலிருந்தே அதற்குத் தொடங்குகிறது. திறனாய்வும் அங்கிருந்தே தொடங்குதல் வேண்டும்.