குறி கேட்கும் வாசல்: தோட்டத்துக் கோயிலும் மனநோயும்

மலேசியாவின் புக்கிட் பெலண்டோக்கை உலகம் அறிந்தது ஒரு நோயால். 1998 செப்டம்பரில் ஈப்போ வட்டாரத்தில் தலைகாட்டிய மூளைக்காய்ச்சல் நெகிரி செம்பிலானுக்கு வந்து, 1999 தொடக்கத்தில் இந்த ஊரின் பன்றிப் பண்ணைகளைப் பிடித்துக்கொண்டது. ஜப்பானிய மூளைக்காய்ச்சல் என்று நினைத்து முதலில் கொசு மருந்து அடித்தார்கள், தடுப்பூசி போட்டார்கள். அடங்கவில்லை. மார்ச் மாதம் மலாயாப் பல்கலைக்கழகத்தில் டாக்டர் சுவா காவ் பிங் ஒரு நோயாளியிடமிருந்து அதுவரை அறியாத வைரஸ் ஒன்றைப் பிரித்தெடுத்தார். அந்த நோயாளியின் ஊரான சுங்கை நிப்பாவின் பெயரே அதற்கு நிலைத்தது. மலேசியாவில் 265 பேர் நோயுற்றார்கள். 105 பேர் மாண்டார்கள். பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட பன்றிகள் அழிக்கப்பட்டன. நோயுற்றோரில் சீனர்கள் அதிகம். பண்ணைகளில் வேலை பார்த்த இந்தியர்களும் உண்டு.

அதற்குப் பிறகு நடந்தது அதிகம் பேசப்படவில்லை. பிழைத்தவர்களில் சிலரை மனச்சோர்வு பிடித்தது, மறதி பிடித்தது, சிலர் குணத்தில் ஆளே மாறிப்போனார்கள். மாதங்கள், ஆண்டுகள் கழித்துக்கூடச் சிலருக்கு நோய் திரும்பியது. கலகலப்பாக இருந்த ஒருவர் பேச்சை நிறுத்திவிடுகிறார், காரணமில்லாமல் சீறுகிறார். இப்படி ஒரு மாற்றம் தோட்டப்புறத்தில் எந்த வீட்டில் தெரிந்தாலும் முதலில் எழும் பேச்சு, "காத்து கருப்பு அடிச்சிருக்கும், கோயிலுக்குக் கூட்டிட்டுப் போங்க" என்பதுதான். அந்தப் பேச்சுக்குப் பின்னால் இருக்கும் வழக்கம் எங்கே நல்லது செய்கிறது, எங்கே கெடுக்கிறது என்று பார்க்க வேண்டியிருக்கிறது.

தோட்டத் தொழிலாளர் குடியிருப்பான லயம் இருந்த இடமெல்லாம் ஒரு மாரியம்மன் கோயில் இருந்தது. தோட்டத்து எல்லையில் முனீஸ்வரனோ மதுரைவீரனோ நின்றார். பூசாரி பெரும்பாலும் காலையில் பால்மரம் வெட்டிவிட்டு மாலையில் விளக்கேற்றுகிறவர். அருள் வந்து குறி சொல்வார். திருநீறு போடுவார், எலுமிச்சம்பழம் சுற்றுவார், கையில் கயிறு கட்டுவார். அதிலும் சரியாகவில்லை என்றால் மலாய்க்கார மந்திரவாதியான போமோவைத் தேடிப் போவார்கள். இந்த விஷயத்தில் யாரும் மதம் பார்ப்பதில்லை.

இதை மூடநம்பிக்கை என்று ஒரே சொல்லில் தள்ளிவிடுகிறவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். இந்த நாட்டில் தஞ்சோங் ரம்புத்தான் என்ற ஊர்ப் பெயரே பைத்தியத்துக்கு ஏச்சாகிவிட்டது. 1911-இல் அங்கே திறந்த மனநல மருத்துவமனைக்குப் போனவர் குணமாகித் திரும்பினாலும் பெயர் திரும்பாது. கோயிலுக்குப் போனவருக்கு அந்த அவமானம் இல்லை. தவறு அவருடையது அல்ல, அவர்மேல் வந்து இறங்கியது ஏதோ ஒன்று என்று ஊரே ஏற்றுக்கொள்கிறது. அவருக்காக லயத்தில் நாலு வீட்டார் கூடுகிறார்கள். தீமிதிக்கோ காவடிக்கோ நேர்ந்துகொண்டால் அவருக்கு ஒரு நாள் குறிக்கப்படுகிறது, செய்ய ஒரு கடமை கிடைக்கிறது. மனச்சோர்வில் கிடப்பவருக்கு நாளைக்கு என்ன செய்வது என்பது எத்தனை பெரிய கேள்வி என்று அருகிலிருந்து பார்த்தவர்களுக்குத் தெரியும்.

பெண்கள் விஷயத்தில் இது இன்னும் ஆழமானது. கணவன் அடிப்பதை வாய் திறந்து சொல்ல முடியாதவள் அம்மனாக வந்து கத்துகிறாள். அவன் கைகட்டி நின்று கேட்கிறான். இலங்கையில் கதிர்காமத்துப் பக்தைகளைப் பற்றி 1981-இல் வெளியான நூலில் மானிடவியலாளர் கணநாத் ஒபேசேகர இதைத்தான் நுட்பமாக ஆராய்ந்தார்: சொந்தத் துயரம் பொது வழிபாட்டின் வடிவம் பெறும்போது அதைச் சுமப்பவளுக்கு ஓர் இடம் கிடைக்கிறது. ஆனால் அருள் இறங்கிய பிறகு அவள் திரும்பிப் போவது அதே வீட்டுக்கு. அம்மன் சொன்னதை அவன் எத்தனை நாள் நினைவில் வைப்பான்?

கோயிலில் தங்குவது பலன் தருமா என்பதை மருத்துவர்களே அளந்து பார்த்திருக்கிறார்கள். தமிழ்நாட்டில் வேலாயுதம்பாளையம்புதூர் முத்துசுவாமி கோயிலில் தங்கிய கடும் மனநோயாளிகள் 31 பேரைப் பெங்களூரு நிம்ஹான்ஸ் நிறுவனத்தைச் சேர்ந்த ரகுராம் குழுவினர் ஆராய்ந்து, 2002-இல் பிரிட்டிஷ் மருத்துவ இதழில் வெளியிட்டார்கள். சராசரியாக ஆறு வாரத் தங்கலில் நோய்க்குறிகள் ஏறத்தாழ 20 விழுக்காடு குறைந்திருந்தன. ஒப்பிட்டுப் பார்க்க வேறொரு குழு இல்லை, எண்ணிக்கையும் சிறியது. ஆகவே இதை வைத்துப் பெரிதாக முழங்கக் கூடாது. ஆயினும் அந்த ஆய்வாளர்கள் சொன்ன காரணம் முக்கியமானது. அங்கே தனிப்பட்ட சிகிச்சைச் சடங்கு எதுவும் இல்லை. அச்சுறுத்தாத இடம், கூடவே இருந்த குடும்பத்தார், சின்னச் சின்னக் கோயில் வேலைகள், இவையே தேற்றின.

அதே தமிழ்நாட்டில், 2001 ஆகஸ்ட் 6-ஆம் தேதி ஏர்வாடியில் தனியார் மனநல இல்லம் ஒன்றில் தீப்பிடித்தபோது, சங்கிலியால் கட்டப்பட்டிருந்தவர்கள் ஓட முடியாமல் கருகினார்கள். இறந்தவர்கள் 28 பேர். ஏர்வாடி தர்காவை நம்பி வந்த குடும்பங்கள் நோயாளியை விட்டுவிட்டுப் போக, நம்பிக்கையைச் சுற்றி ஒரு வியாபாரம் வளர்ந்திருந்தது. இரண்டு இடங்களிலும் பக்திக்குக் குறைவில்லை. ஓரிடத்தில் உறவினர் கூட இருந்தார்கள். மற்றதில் சங்கிலி இருந்தது. மரபின் பலம் துணையில்தான் இருக்கிறது என்று நான் உறுதியாகச் சொல்வது இதனால்தான்.

குறி சொல்வதில் எனக்கு அந்த நம்பிக்கை இல்லை. 'செய்வினை யார் வைத்தது?' என்று குறி ஒரு காரணத்தைத் தேடுகிறது. பதிலில் பெரும்பாலும் ஒரு மருமகளோ பக்கத்து வீட்டாரோ மாட்டிக்கொள்கிறார்கள். நோயாளியின் தலையிலிருந்து இறங்கிய பழி ஒரு நிரபராதியின் தலையில் ஏறுகிறது. தலைமுறை தாண்டிய பகை இப்படி உருவாகியிருக்கிறது.

அதைவிட ஆபத்தானது மருத்துவரிடம் போவதில் காலதாமதம். குடியையே எடுத்துக்கொள்வோம். தோட்டப்புறத்தில் குடிப்பழக்கம் எவ்வளவு ஆழமானது என்பதை நான் சொல்லத் தேவையில்லை. 1947-இல் கெடாவில் கள்ளுக்கடைகளை எதிர்த்துத் தொழிலாளர்களே திரண்டார்கள். நாளெல்லாம் குடித்தவர் தைப்பூசத்துக்கு மாலை போட்டதும் ஒரே நாளில் நிறுத்துகிறார். நல்ல நோக்கம். மதுவை விடுவதற்கு விரதம் தரும் ஊக்கத்தைப் போல வேறெதுவும் தந்து நான் பார்த்ததில்லை. ஆனால் நீண்ட காலம் அதிகமாகக் குடித்த உடல் திடீரென்று நிறுத்தினால் ஓரிரு நாளில் கை நடுங்கும், வலிப்பு வரலாம். இரண்டு முதல் நான்காம் நாளுக்குள் இல்லாத பூச்சி ஊர்வது தெரியும், யாரோ பேசுவது கேட்கும், ஆள் இடம் தெரியாமல் குழம்பும். வீட்டார் கண்ணுக்கு இது அருளாகவோ பேயாகவோ தோன்றும். உண்மையில் இது உயிரைப் பறிக்கக்கூடிய அவசர நிலை. உடுக்கை அடித்து விடியவிடிய உட்கார வைத்தால் அவர் செத்துப்போகலாம். விரதத்துக்காக மனநோய் மாத்திரையை நிறுத்துகிறவர்களுக்கும் வேறுவிதமான ஆபத்து காத்திருக்கிறது. நிப்பா சொன்ன பாடமும் இதுவே: குணம் மாறுவது சில நேரம் மூளை புண்பட்டதன் அறிகுறி.

இன்னொரு மாற்றத்தைப் பலரும் பார்ப்பதில்லை. 1980-க்கும் 2000-க்கும் இடையில் சுமார் 3 லட்சம் இந்தியத் தோட்டத் தொழிலாளர்கள் இடம் பெயர்ந்தார்கள். சிரம்பானைச் சுற்றிப் பால்மரமும் செம்பனையும் நின்ற நிலம் தாமான் எனும் வீட்டுமனைக் குடியிருப்புகளாகிவிட்டது. கோயில் உடைந்தது அல்லது வேறு மனைக்கு மாறியது. லயத்தில் பூசாரி பக்கத்து வீட்டு மாமா. குறி தவறினால் மறுநாள் அவர் முகத்தைப் பார்த்துக் கேட்கலாம். இன்று தாமானில் குறி சொல்பவர் முன்பின் தெரியாதவர், கட்டணம் வாங்குகிறார், பரிகாரத்துக்குத் தனிக் கணக்கு. மரபின் பலவீனங்கள் அப்படியே வந்து சேர்ந்தன. பலமாக இருந்த கூட்டம்தான் கலைந்துபோனது.

ஆகவே என் தீர்ப்பு: விழாவும் விரதமும் நேர்த்திக்கடனும் இருக்கட்டும். என்ன நோய் என்று சொல்லும் பொறுப்பைப் பூசாரி மருத்துவரிடம் விட்டுவிட வேண்டும். தற்கொலை முயற்சியைக் குற்றமாக்கிய தண்டனைச் சட்டத்தின் 309-ஆம் பிரிவு 2023-இல் நீக்கப்பட்டுவிட்டது. போலீசுக்குப் பயந்து ஆஸ்பத்திரியைத் தவிர்க்கும் காரணமும் இப்போது இல்லை.

ஆலய நிர்வாகங்களுக்கு ஒரு வேண்டுகோள். மாலை போட வருகிறவரிடம் தினமும் எவ்வளவு குடிக்கிறார், என்ன மாத்திரை சாப்பிடுகிறார் என்று கேளுங்கள். அதிகம் குடிப்பவரை முதலில் அரசாங்கக் கிளினிக்குக்குக் கூட்டிச் செல்லுங்கள். பூசை நேரம் எழுதிய பலகைக்குப் பக்கத்தில் சுகாதார அமைச்சின் மனநல உதவி எண் 15555-ஐயும், மனத்துயரில் இருப்போருக்கு ஆறுதல் சொல்லும் பிஃப்ரெண்டர்ஸ் அமைப்பின் எண் 03-76272929-ஐயும் தமிழில் எழுதி வையுங்கள். குறி கேட்க வரும் குடும்பத்திடம் "ஆஸ்பத்திரிக்குப் போய்ட்டு வாங்க, நாங்களும் கூட வர்றோம்" என்று பூசாரியே சொல்லட்டும். அவர் சொன்னால் கேட்பார்கள்.