ஒரு வசனமும் ஓர் ஊரும்

தன்னையே பொருளாக்கிப் பேசும் கலைஞர், பிறர் எழுதிய வசனத்தைப் பேசும் திரை நடிகராகும்போது இழப்பது என்ன, பெறுவது என்ன? இவ்வினாவுக்கு அமெரிக்கக் கலைஞர் ஸ்பால்டிங் கிரே (1941–2004) தக்கதொரு சான்றாவார்.

நியூயார்க்கின் சிற்றரங்கில் அவர் வளர்த்த கலை மிக எளியது. ஒரு மேசை, ஒரு குவளைத் தண்ணீர், ஒரு குறிப்பேடு, அவ்வளவே. வேடமில்லை, துணை நடிகரில்லை. தம் வாழ்வில் நேர்ந்தவற்றைத் தாமே சொல்லி அவையைக் கட்டிப்போடுவார். அத்தகையவருக்கு, ரோலண்ட் ஜாஃபே இயக்கி 1984-இல் வெளியான 'தி கில்லிங் ஃபீல்ட்ஸ்' படத்தில் அமெரிக்கத் தூதரக அதிகாரியாக ஒரு சிறு வேடம் கிட்டியது. கம்போடியாவின் பேரழிவைச் சொல்லும் அப்படம் தாய்லாந்தில் எடுக்கப்பட்டது.

1973 ஆகஸ்டில் அமெரிக்கப் போர் விமானமொன்று தவறுதலாக நெயாக் லுவோங் என்னும் ஊரின்மீது குண்டுகளைப் பொழிந்தது. நூற்றுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். அத்தவற்றை விளக்கும் வசனம் கிரேக்கு வாய்த்தது. அது நாவில் நிற்காமல் அவர் மீண்டும் மீண்டும் தடுமாறினார். இதனை நாம் அறிவது அவர் வாயிலாகவே. படப்பிடிப்பில் கண்டதையெல்லாம் 'ஸ்விம்மிங் டு கம்போடியா' என்னும் தனியுரையாக்கி அவர் மேடையேற்றினார்; 1987-இல் ஜோனதன் டெம்மி அதனைத் திரைப்படமாகவும் ஆக்கினார்.

நடிகர் வசனம் தடுமாறியதைக் கேட்டு நாம் நகைக்கிறோம். அவ்வசனத்துள் ஓர் ஊர் மடிந்து கிடக்கிறது என்று உணர்ந்ததும் நகைப்பு அடங்குகிறது. இதுவே கிரேயின் வெற்றி. துன்பத்தைத் தாங்கியவராக அவர் தம்மைக் காட்டிக்கொள்ளவில்லை. அதன் ஓரத்தில் கூலிக்கு நின்றவராகவே காட்டுகிறார்.

எனினும் ஒரு குறையைச் சொல்லாமல் விடுதல் நேர்மையாகாது. 85 நிமிடத்தில் பெரும்பகுதியும் நாம் காண்பது அவர் ஒருவரையே. கம்போடிய மக்களோ அவருக்குப் பின்னால் தொங்கும் வரைபடத்தளவில் நின்றுவிடுகின்றனர்.

இங்கே, ஜாஃபேயின் படத்தில் தித் பிரானாகத் தோன்றிய ஹைங் நோரை நினைத்தல் வேண்டும். அவர் கம்போடிய மருத்துவர். தம் தொழிலை மறைத்தே கெமர் ரூஜ் ஆட்சியில் உயிர் தப்பியவர். முன்பு நடித்தறியாத அவருக்கே சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கார் விருது கிடைத்தது. அவரும் தாம் பட்டதைத்தான் திரைக்குக் கொணர்ந்தார். ஆனால் இன்னொருவர் பெயரில், தம்மைப் பற்றி ஒரு சொல்லும் கூறாமல்.

பேசவல்லவர் தம் சிறுமையை மறைக்காதிருப்பதும் கலையே. மாண்டோர்க்காகத் தம் முகத்தை ஈந்து நிற்பதும் கலையே. நெஞ்சில் நெடிது தங்குவது எது எனின், பின்னதே என்போம்.