பசியும் சடங்கும்: ‘சம்ஸ்கார’ நாவலில் அன்றாட வாழ்வு

யு.ஆர். அனந்தமூர்த்தியின் ‘சம்ஸ்கார’ (1965) என்னும் கன்னட நாவலைப் பிராணேசாச்சாரியாரின் ஆன்மத் தேடலாகக் காண்பதே திறனாய்வில் பெருவழக்கு. அதன் ஆற்றல் அத்தேடலைக் காட்டிலும் அன்றாட வாழ்வின் சித்திரிப்பிலேயே மிகுதியும் தங்கியுள்ளது என்பது இக்கட்டுரையின் கருத்தாகும்.

துர்வாசபுர அக்கிரகாரத்தில் நாரணப்பன் இறக்கிறான். அவன் ஆசாரங்களைத் துறந்தவன். ஆயினும் சாதிவிலக்குச் செய்யப்படாதவன். அவன் உடல் எரிக்கப்படும்வரை அங்கு எவரும் உண்ணலாகாது, பூசையும் நிகழலாகாது. இயல்பான நாளில் புலப்படாத வழக்கங்கள் தடைபடும்போதே புலப்படுகின்றன. நீராடல், பூசை, சமையல் என ஓடிய பொழுது நின்றுவிட, பசி மேலெழுகிறது. ஈமக்கடனை ஏற்க மறுத்தவர்களே, சந்திரி தன் நகைகளைக் கழற்றி வைத்ததும், அதற்கு உரிமை கோரிப் போட்டியிடுகின்றனர். ஒழுக்கத்தின் அடியில் கிடந்த வறுமையும் ஆசையும் இவ்வாறு வெளிப்படுகின்றன.

ஆச்சாரியார் ஏடுகளிலும் மாருதி கோயிலிலும் விடை தேடுகிறார், கிடைக்கவில்லை. சந்திரியோ, முன்னர் மாடு வாங்க நாரணப்பனிடம் பணம் பெற்ற மீன் வணிகர் அகமது பாரியின் துணையால் இரவோடிரவாக உடலை எரித்துவிடுகிறாள். நூலறிவால் தீராதது கொடுக்கல் வாங்கலில் விளைந்த நன்றியால் தீர்கிறது. இதனை அறியாமலேயே அக்கிரகாரம் விடை தேடி அலைகிறது. நாவலின் கூர்மையான எள்ளல் இதுவே எனலாம்.

எனினும் ஒரு குறையைச் சுட்டாமல் இயலாது. கொள்ளைநோய் சேரியையும் தாக்குகிறது. அங்கு இறந்தோர் குடிசையோடு எரிக்கப்படுகின்றனர். சாத்திர விவாதம் எதுவும் எழுவதில்லை. இவ்வெதிர்நிலையை ஆசிரியர் காட்டுகிறார். ஆனால் அத்துயரினுள் புகவில்லை. பெள்ளி பிறர் வேட்கையின் பொருளாகவே பெரிதும் நிற்கிறாள். சந்திரியும் தன் செயல் முடிந்ததும் கதையிலிருந்து மறைகிறாள். இறுதிப் பகுதி ஆச்சாரியாரின் மனப்போராட்டத்துக்கே உரியதாகிறது. அங்கும், மனைவி இறந்த தீட்டுடன் மேளிகெத் திருவிழாப் பந்தியில் அவர் அமரும் இடமே சிறக்கிறது. உண்ணல் என்னும் எளிய செயலே அங்குச் சோதனையாகிவிடுகிறது.

‘சம்ஸ்காரம்’ என்னும் சொல் ஈமச்சடங்கையும் பண்படுதலையும் மனத்தில் படிந்த பதிவையும் ஒருங்கே குறிக்கும். தலைப்பின் இப்பொருள்விரிவு ஆச்சாரியார் ஒருவருக்கே முழுமையாக வாய்க்கிறது. எவருடைய சாவு சடங்குக்கு உரியது என்னும் வினாவை எழுப்பிய நாவல், சேரியின் வாசலில் அவ்வினாவைத் தொடராமல் நின்றுவிடுகிறது. ஆகவே இதனை ஆன்மத் தேடலாக மட்டும் வாசிப்பது அந்நிறுத்தத்தை மறைப்பதாகும்.