வழி சொல்பவள்

ரொட்டோருவாவில் இறங்கியதும் முதலில் எதிர்கொள்வது நாற்றம். ஊர் முழுக்கக் கந்தகம். ஆக்லாந்தில் இருக்கும் என் தங்கை, "அரை மணி நேரம் பொறுத்துக்கோ அக்கா, மூக்கு பழகிடும்" என்று சொல்லி அனுப்பியிருந்தாள். பழகித்தான் போயிற்று. ஊர் திரும்பி இத்தனை மாதமாகியும் காதை விட்டுப் போகாதது, அன்று பகல் முழுவதும் எங்களை அழைத்துப்போன வழிகாட்டியின் பேச்சு. ஒரு சுற்றுலா வழிகாட்டியின் பேச்சைப் பிரதியாக வைத்து விமர்சனம் எழுத முடியுமா என்றால், முடியும் என்றே நினைக்கிறேன். அதற்கு ஆசிரியர் உண்டு, மரபு உண்டு, பாடபேதமும் உண்டு. நியூசிலாந்தின் இந்த எரிமலை நிலத்தில் அந்தப் பிரதியைத் தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வந்தவர்கள் மாவோரிப் பெண்கள்.

சிறிய வேன். பன்னிரண்டு பேர். வழிகாட்டிக்கு ஐம்பது வயதைத் தாண்டியிருக்கும், ஃபகாரேவாரேவா கிராமத்துக்காரர். எந்த வளைவில் எந்த நகைச்சுவை, எந்த இடத்தில் மௌனம், எங்கே படமெடுக்க நிறுத்த வேண்டும் என்பதெல்லாம் அவர் நாவில் தேய்ந்து மெருகேறி இருந்தன. வகுப்பறையில் நானும் அப்படித்தான். ஆண்டுதோறும் அதே பாடம், அதே இடத்தில் அதே சிரிப்பு.

நான் ஆண்டுதோறும் நடத்துவதில் ஆற்றுப்படையும் உண்டு. பரிசில் பெற்றுத் திரும்பும் ஒருவன், இனிப் போக வேண்டியவனுக்கு வழி சொல்வான். எங்கே சோறு கிடைக்கும், எங்கே தங்கலாம், எங்கே கால் வழுக்கும் என்று சொல்வான். மலைபடுகடாம் காட்டுப் பாதையின் ஆபத்துகளை ஒவ்வொன்றாக எச்சரிக்கும். அங்கெல்லாம் வழி சொல்பவன் ஆண். விறலிக்கும் ஒரு துறை உண்டு, ஆனால் விறலியாற்றுப்படையில் அவள் வழி கேட்டு நடப்பவள். ஔவையார் பாடிய ஒன்று புறநானூற்றில் இருப்பதால் ஒரு பெண்குரல் நமக்கு மிஞ்சியது. வேனில் முன்னிருக்கைக்குப் பின்னால் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தபோது எனக்கு அந்த ஏக்கம்தான் எழுந்தது. இங்கே வழி சொல்பவள் என்பவளுக்கு நூற்றைம்பது ஆண்டு வரலாறு இருக்கிறது.

முதல் கதை தீ வந்த கதை. ங்காடோரோஇராங்கி என்ற மூதாதை டோங்கரிரோ மலையில் ஏறிக் குளிரில் விறைத்துச் சாகப்போகிறார். தொலைவில், தாய்நிலமான ஹவைக்கியில் இருக்கும் தன் சகோதரிகளைக் கூவி அழைத்துத் தீ கேட்கிறார். அவர்கள் அனுப்புகிறார்கள். தீ கடலடியில் வருகிறது. வழியில் தலைதூக்கிய இடமெல்லாம் எரிமலையாகவும் வெந்நீராகவும் ஆகிறது. ஃபகாரி தீவு, ரொட்டோருவா, தாராவேரா, டவ்போ என்று இன்றைய வரைபடத்தில் எரிமலை மண்டலமாகக் காட்டப்படும் கோடு ஏறத்தாழ இதுதான். சகோதரிகளின் பெயர்களை, கூயிவாய், ஹாஉங்காரோவா என்று, எங்கள் வழிகாட்டி இரண்டு முறை அழுத்திச் சொன்னார். கூவியவனின் பெயரைவிட அனுப்பியவர்களின் பெயரை நாங்கள் நினைவில் வைக்க வேண்டும் என்பது போல. ஆனால் இந்தக் கதையின் வேறு சில வடிவங்களில் ஓர் அடிமைப்பெண்ணும் இருக்கிறாள். பெயர் ஔருஹோய். தீ வர வேண்டி அவள் பலியிடப்படுகிறாள். பக்கத்து மலை அவள் பெயரைச் சுமக்கிறது. வேனில் அவள் வரவில்லை. பிறகு படித்துத்தான் தெரிந்துகொண்டேன். சகோதரிகளை முன்னிறுத்திய குரலே அடிமையை விட்டுவிட்டதா, அல்லது காலை ஒன்பது மணிக்கு விடுமுறையில் வந்தவர்களிடம் சொல்லத் தக்கதல்ல என்று முடிவு செய்ததா? இரண்டாவதாக இருக்கலாம். அதுவும் ஆசிரியர் செய்யும் வேலைதான்.

அடுத்து தே வைரோவா. 1886-க்கு முன் உலகம் சுற்றுபவர்கள் இங்கே வந்துதான் படகேறினார்கள். தாராவேரா ஏரியைக் கடந்து ரோட்டோமஹானாவுக்குப் போனால், வெந்நீர் படியவைத்த சிலிக்கா, மலைச்சரிவில் படிப்படியாகக் குளங்களாக இறங்கியிருக்கும். ஆங்கிலேயர் அவற்றை வெண்படிகள், இளஞ்சிவப்புப் படிகள் என்றார்கள். மாவோரியில் அவை தே டராட்டா, ஓடூகாப்புஅராங்கி. முன்னது பச்சை குத்திய பாறை. பின்னது மேகம் மூடிய வானத்தின் ஊற்று. நிறத்தை மட்டும் பார்த்த பெயரும், பாறையில் உடலைப் பார்த்த பெயரும்.

அந்தப் பயணங்களை நடத்தியவர்களில் பெயர் பெற்றவர்கள் கேட் மிடில்மாஸும் சோஃபியா ஹினேராங்கியும். சோஃபியாவின் தாய் மாவோரி, தந்தை ஸ்காட்லாந்துக் கொல்லர். இரு திருமணங்களில் பதினேழு பிள்ளைகள். இரு மொழியிலும் சரளம். 1886 மே 31 அன்று அவர் பயணிகளோடு கிளம்பியபோது ஓடை வற்றிக் கிடந்தது. பிறகு முனகல் போன்ற ஓசையோடு நீர் ஏறி வந்தது. ஏரியில் போகும்போது, யாரும் அறியாத ஒரு போர்ப்படகு தூரத்தில் தெரிந்து மறைந்தது. பத்து நாளில், ஜூன் 10 அதிகாலையில், தாராவேரா வெடித்தது. ஏறத்தாழ 120 பேர் இறந்தார்கள், பெரும்பாலும் மாவோரிகள். படிகள் காணாமல் போயின.

எங்கள் வேனில் எல்லாரும் கேட்டது அந்த ஆவிப்படகைப் பற்றி. எப்படி இருந்தது, யார் யார் பார்த்தார்கள், படம் ஏதும் உண்டா? வற்றி ஏறிய நீரைப் பற்றி ஒருவரும் கேட்கவில்லை. சோஃபியாவைக் குறிசொல்லியாக வைத்துக்கொள்வது எல்லாருக்கும் வசதி. அதே கரையில் நாள் தவறாமல் நின்று, நீர்மட்டம் இயல்பாக இல்லை என்று கண்ட தொழிலாளி அவர். அந்த அறிவுக்கு அளவுகோலும் பதிவேடும் இல்லாததால் அது அமானுஷ்யம் ஆகிவிடுகிறது. பெண்ணின் கவனிப்பை உள்ளுணர்வு என்று மொழிபெயர்ப்பது நம் வீடுகளிலும் நடப்பதுதான்.

வெடித்த இரவில் சோஃபியாவின் வீட்டுக் கூரை தாங்கியது. அறுபதுக்கும் மேற்பட்டோர் அதற்குள் பிழைத்தார்கள். இன்னொரு தஞ்சம், ஹினேமிஹி என்ற கூட்ட வீடு. ஹினேமிஹி ஒரு மூதாட்டியின் பெயர். மாவோரிக் கூட்ட வீடு மூதாதையின் உடல். சுற்றுலாப் பணம் கொழித்த காலத்தில் அதன் சிற்பங்களுக்குத் தங்கக் காசுகளைக் கண்களாகப் பதித்திருந்தார்கள். 1892-இல் ஆளுநர் ஆன்ஸ்லோ பிரபு அதை ஐம்பது பவுண்டுக்கு வாங்கி இங்கிலாந்தில் தன் தோட்டத்துக்குக் கொண்டுபோனார். வழிகாட்டி இதைச் சொல்லும்போது வீட்டை 'அவள்' என்றே சொன்னார். "அவளை ஐம்பது பவுண்டுக்கு." அந்த இடத்தில் நகைச்சுவை எதுவும் இல்லை. ஃபகாரி தீவைப் பற்றிச் சொன்னபோதும் அப்படித்தான். 2019 டிசம்பர் 9 அன்று அது வெடித்தபோது தீவில் 47 பேர் இருந்தார்கள், ஒருநாள் சுற்றுலாவாகப் போனவர்கள். 22 பேர் இறந்தார்கள், அதில் இருவர் வழிகாட்டிகள். மூன்று வாரம் முன்பே எச்சரிக்கை நிலை உயர்த்தப்பட்டிருந்தது. இம்முறை அளவுகோலும் பதிவேடும் இருந்தன. படகும் போய்க்கொண்டுதான் இருந்தது.

மதியம் ஃபகாரேவாரேவா. வீடுகளுக்கு நடுவே ஆவி எழுகிறது. மரப்பெட்டியில் வைத்த இறைச்சி நிலத்தின் ஆவியிலேயே வேகிறது, கொடியில் துணி காய்கிறது, கல்லறைகள் தரைக்கு மேலே கட்டப்பட்டிருக்கின்றன. தோண்டினால் கொதிக்கும். வெடிப்புக்குப் பின் சோஃபியா இங்குதான் வந்து மீண்டும் வழிகாட்டினார். அவருக்குப் பின் வந்தவர் மாகெரெட்டி.

மாகெரெட்டி 1873-இல் பிறந்தவர். தாய் தே அராவா மாவோரி, தந்தை ஆங்கிலேயர். மேகி என்று அழைக்கப்பட்டார். ஒரு பயணி, "உனக்கு மாவோரிக் குடும்பப் பெயர் கிடையாதா" என்று கேட்க, அவர் சுற்றுமுற்றும் பார்த்துப் பக்கத்தில் பீறிட்டுக்கொண்டிருந்த ஊற்றின் பெயரைச் சொல்லிவிட்டாராம்: பாப்பகூரா. மேகி பாப்பகூரா என்றே புகழ்பெற்றார். வேனில் எல்லாரும் சிரித்த இடம் இது. நானும் சிரித்தேன். பிறகு யோசித்தால், வாடிக்கையாளர் அசலான பெயர் கேட்கிறார், அவள் அந்த நொடியில் ஒன்றைச் செய்து தருகிறாள். கேட்டவருக்கு விற்பனைப் பெயர் போதும்.

1905-இல் இந்த வெந்நீர்ப் பகுதிக்கு வழிகாட்டி நூல் எழுதினார். 1911-இல் ஒரு கலைக்குழுவை லண்டனுக்கு அழைத்துப் போனார். மறு ஆண்டு ஓர் ஆங்கிலேயரை மணந்து ஆக்ஸ்ஃபோர்டுப் பக்கம் குடியேறினார். பிற்காலத்தில், ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் மானிடவியல் ஆய்வுக்குச் சேர்ந்தார். ஆய்வேடு தேர்வுக்குப் போகும் முன் 1930 ஏப்ரலில் இறந்துபோனார். உடன் பயின்ற நண்பர் பென்னிமன் பதிப்பித்து 1938-இல் அது 'தி ஓல்ட்-டைம் மாவோரி' என்று நூலானது. உறவுமுறை, திருமணம், குழந்தைகள், உணவு, தீ, வீடு, ஆயுதம் என்று இயல்கள். வரிசையைப் பாருங்கள். அதுவரை மாவோரிகளைப் பற்றி எழுதிய ஆண் அறிஞர்கள் பிள்ளைப்பேற்றுக் குடிசைக்குள் கால் வைத்திருக்க முடியாது. இவர் உள்ளிருந்து எழுதினார். ஆசிரியர் பெயர் மாகெரெட்டி. விற்பனைப் பெயருக்கு அங்கே இரண்டாம் இடம்.

அந்த நூல் 1986-இல் மறுபதிப்பானது. வெளியிட்டது ஆக்லாந்தின் நியூ விமன்ஸ் பிரஸ். முன்னுரை ங்காஹூயா தே அவேகோடுகு. அவரும் தே அராவாப் பெண், பெண்ணியவாதி. தன் மக்கள் மீது சுற்றுலா செய்த வேலையைப் பற்றி 1981-இல் முனைவர் பட்டம் பெற்றவர். நியூசிலாந்துப் பல்கலைக்கழகத்தில் அப்பட்டம் பெற்ற முதல் மாவோரிப் பெண். ஆக்ஸ்ஃபோர்டு 2025-இல்தான் மாகெரெட்டிக்கு இறப்புக்குப் பின்னான பட்டத்தைக் கொடுத்தது. இதற்குள் பாப்பகூரா ஊற்றும் ஒரு சுற்று போய் வந்துவிட்டது. நகரத்து வீடுகளும் விடுதிகளும் சூடு வேண்டி ஆழ்துளைகள் போட்டு உறிஞ்சியதில் அது 1979-இல் நின்றுபோனது. பெரிய ஊற்றான போஹூட்டுவும் போய்விடும் என்ற அச்சத்தில், அதிலிருந்து ஒன்றரைக் கிலோமீட்டருக்குள் இருந்த துளைகளை அரசு மூடியது. 2015-இல் பாப்பகூரா மறுபடி பீறிட்டது.

மாலையில் மற்றவர்கள் வெந்நீரில் வெந்த சோளக்கதிர் வாங்கப் போயிருந்தார்கள். வழிகாட்டியும் நானும் வேலியோரம் நின்றோம். காலையில் ஏரிக்கரையில் அவர் எங்களுக்கு முதுகு காட்டி நின்று மெதுவாக எதையோ பாடியிருந்தார். அது என்ன பாட்டு என்று கேட்டேன். தமிழ் கற்பிப்பவள், வாய்மொழிப் பாடல்களில் ஆய்வு செய்தவள் என்று என் தகுதியையும் சேர்த்துச் சொன்னேன். அவர் சிரித்தார். "அது டிக்கெட்டில் சேராது" என்றார். கோபமில்லை. எத்தனையோ முறை சொன்ன பதில் என்று தெரிந்தது.

என் முனைவர் பட்ட ஆய்வு ஒப்பாரிப் பாடல்களைப் பற்றியது. பாடிய பெண்களை ஆய்வேட்டில் 'தகவலாளிகள்' என்று குறித்தேன். துறையில் அதுதான் வழக்கு. நன்றியுரையில் நெறியாளருக்கு ஒரு பத்தி, அவர்கள் எல்லாருக்கும் சேர்த்து ஒரு வரி. திருச்சுழிப் பக்கம் ஓர் ஊரில், செத்துப்போன மகளுக்காகப் பாடிய ஒரு பாட்டி, பாதியில் நிறுத்தி, ஓடிக்கொண்டிருந்த டேப்பைப் பார்த்துச் சொன்னார்: "இத எழுதாத தாயி, இது அவளுக்கு." சரி பாட்டி என்றேன். அந்தப் பாட்டு என் ஆய்வேட்டின் பின்னிணைப்பில் பதினான்காவதாக இருக்கிறது.